கிட்சு: அனிமேஷன் தயாரிப்பாளருக்கு ஒரு கணக்குப்பிள்ளை

அனிமேஷன் தயாரிப்பாளர் என்றால் முதல் போடுகிறவர் என்றே ஓசூரிலும் தருமபுரியிலும் கோர்ஸ் முடித்து வருகிறவர்கள்கூட நினைத்துக்கொண்டிருக்கிறார்கள். முதல் போடுவது அந்த வேலையில் ஒரு துண்டுதான், பல படங்களில் அதையும் வேறொருவர் பார்த்துக்கொள்வார். தயாரிப்பாளர் நாள் முழுக்கச் செய்வது எண்ணிக்கை. மொத்தம் எத்தனை ஷாட், எது யார் கையில் இருக்கிறது, எது டைரக்டர் பார்க்கக் காத்திருக்கிறது, எது மூன்றாவது தடவையாகத் திரும்பி வந்திருக்கிறது, இந்த வேகத்தில் போனால் எந்த வாரம் முடியும், அதுவரை சம்பளம் கொடுக்கப் பணம் இருக்கிறதா. இந்தக் கேள்விகளுக்கெல்லாம் மனக்கணக்கில் பதில் வைத்திருக்கிறவர்கள் பத்து ஷாட்வரை சமாளிப்பார்கள். அதற்கு மேல் கிட்சு மாதிரி ஒன்று வேண்டும்.

கிட்சு பிரான்ஸைச் சேர்ந்த சிஜிவயர் எழுதிய மென்பொருள். ஓப்பன் சோர்ஸ் என்பதால் நம் கணினியிலேயே நிறுவிக்கொண்டால் காசு கிடையாது. அவர்களுடைய சர்வரிலேயே ஓடட்டும் என்றால் கட்டணம் உண்டு. 3டி அனிமேஷன் மென்பொருளான பிளெண்டரை உருவாக்கும் ஆம்ஸ்டர்டாம் குழுவின் பிளெண்டர் ஸ்டூடியோ தன் படங்களை இதில்தான் கண்காணிக்கிறது, பிளெண்டருக்குள் இருந்தபடியே கிட்சுவோடு பேசும் ஆட்-ஆன் (துணை மென்பொருள்) ஒன்றையும் வெளியிட்டிருக்கிறது. பிளெண்டரும் இலவசம். 2025-இல் சிறந்த அனிமேஷன் படத்துக்கான ஆஸ்கர் வாங்கிய லாட்வியப் படம் 'ஃப்ளோ' முழுக்க பிளெண்டரில் செய்யப்பட்டது. ஆகவே மென்பொருள் வாங்கக் காசில்லை என்ற சாக்கு இனி எடுபடாது. தட்டுப்பாடு எல்லாம் ஆள், நேரம், மின்சாரம் மூன்றுக்கும்தான்.

வெறுமனே திரையைத் திறந்து பார்த்தால் கிட்சுவின் அருமை தெரியாது. ஒரு படத்தை உள்ளே போட்டுப் பார்க்க வேண்டும். நம் தகடூர்க் கதையையே எடுத்துக்கொள்வோம்: அதியமான் ஔவைக்கு நெல்லிக்கனி கொடுத்தது, 4 நிமிடக் குறும்படம். 240 வினாடி, வினாடிக்கு 24 ஃப்ரேம், ஆக 5,760 ஃப்ரேம். ஷாட் ஒன்று சராசரி 4 வினாடி என்றால் 60 ஷாட். ஒவ்வொரு ஷாட்டுக்கும் லேஅவுட் (கேமராவும் ஆள் நிற்கும் இடமும்), அனிமேஷன், லைட்டிங், ரெண்டர் (கணினி இறுதிப் படங்களை உருவாக்குவது), காம்ப் (அடுக்குகளைச் சேர்ப்பது) என்று ஐந்து வேலை. 300 டாஸ்க் ஆயிற்று. கதாபாத்திரம், அரண்மனை முற்றம், மலைப்பாதை, கனி என்று 15 அசெட் இருந்து, அவற்றுக்கு கான்செப்ட், மாடலிங், ஷேடிங், ரிக்கிங் (அசைப்பதற்கான எலும்புக்கூடு மாட்டுவது) என்று நான்கு வேலை வைத்தால் இன்னும் 60. மொத்தம் 360 கட்டங்கள். ஒவ்வொன்றும் குறைந்தது மூன்று நிலை மாறும்: செய்துகொண்டிருக்கிறார், பார்க்கக் காத்திருக்கிறது, முடிந்தது. நடுவில் ரீடேக். இதைத்தான் கிட்சு ஒரே பக்கத்தில் வண்ணக் கட்டங்களாகப் பரப்பிக் காட்டுகிறது. இடது பக்கம் ஷாட் பெயரும் சிறு படமும், வலது பக்கம் வேலைகளின் வரிசை.

நிறுவுவதில்தான் முதல் வழுக்கல். சோதித்துப் பார்க்க டாக்கர் இமேஜ் (எல்லாம் சேர்த்துக் கட்டிய தயார்நிலைப் பொதி) ஒன்று தருகிறார்கள். ஒரே வரிக் கட்டளையில் ஓடிவிடும். ஆனால் அது வெள்ளோட்டத்துக்கு மட்டுமே என்று அவர்களே சொல்கிறார்கள். வால்யூம் (வட்டில் நிலையாக ஒதுக்கும் இடம்) இணைக்காமல் ஓட்டினால், கண்டெய்னரை (ஓடுகிற அந்தப் பொதியை) நிறுத்தி நீக்கியதும் உள்ளே போட்ட ஷாட், குறிப்பு, வீடியோ எல்லாம் போய்விடும். டேட்டாபேஸ், பிரிவியூ கோப்புகள் இரண்டையும் வட்டில் தனி வால்யூமில் வைப்பதுதான் முதல் வேலை. நிஜ வேலைக்கு என்றால் உபுண்டு போட்ட பழைய டெஸ்க்டாப் ஒன்றில் முறைப்படி நிறுவுங்கள். போஸ்ட்கிரஸ், ரெடிஸ், எஞ்ஜின்எக்ஸ், எஃப்எஃப்எம்பெக் ஆகிய துணை மென்பொருள்கள் தேவை. ஐந்தாறு பேர் குழுவுக்கு 8 ஜிபி ராம் தாராளம். லினக்ஸ் தெரிந்த ஒருவர் அரை நாள் உட்கார வேண்டியிருக்கும். அப்படி ஆள் இல்லையென்றால் கட்டணச் சேவைதான் புத்திசாலித்தனம். சர்வரோடு மல்லுக்கட்டுவது தயாரிப்பாளரின் வேலையல்ல.

வீட்டில் வைத்த சர்வரை வெளியிலிருந்து திறக்க முயலும்போது இன்னொரு முட்டுக்கட்டை. பெரும்பாலான வீட்டு பிராட்பேண்ட் இணைப்புகளில் நமக்கென்று தனி ஐபி முகவரி கிடைப்பதில்லை, ஒன்றையே பலருக்குப் பகிர்ந்து கொடுக்கிறார்கள். பாலக்கோட்டில் இருக்கும் அனிமேட்டர் தருமபுரி சர்வரைத் தொட வேண்டுமென்றால் நிலையான ஐபி வாங்க வேண்டும், அல்லது டெயில்ஸ்கேல் போன்ற விபிஎன் போட வேண்டும்.

ஷாட்டுகளை உள்ளே ஏற்றுவது சுலபம். ஷாட் மேலாண்மைப் பெட்டியில் பேடிங்கை 10 என்று வைத்துவிட்டால் 0010, 0020, 0030 என்று தானே எண் போடும். ஏன் பத்துப் பத்தாக? எடிட்டில் இரண்டு ஷாட்டுக்கு நடுவே புதிதாக ஒன்று முளைக்கும். அதற்கு 0015 என்று பெயர் வைக்கலாம், மற்றவற்றின் பெயரை மாற்ற வேண்டாம். பெயர் மாறினால் கோப்புறை மாறும், பிளெண்டர் கோப்பில் லிங்க் அறுபடும், ரெண்டர் வேறெங்கோ போய் விழும். மாமரத்துக்கு இடைவெளி விட்டு நடுகிற ஊரில் இதற்கு மேல் விளக்கம் தேவையில்லை.

ஷாட் விவரணையைத் தமிழிலேயே எழுதலாம். ஆனால் எக்செலில் தயாரித்த பட்டியலைச் சாதாரண சிஎஸ்வியாகச் சேமித்தால் தமிழ் எழுத்தெல்லாம் கேள்விக்குறியாகிவிடும். யுடிஎஃப்-8 சிஎஸ்வி என்ற தேர்வைத்தான் எடுக்க வேண்டும், அல்லது கூகுள் ஷீட்டிலிருந்து இறக்க வேண்டும். ஷாட்டின் பெயரும் அசெட்டின் பெயரும் மட்டும் ரோமன் எழுத்தில், இடைவெளி இல்லாமல் இருக்கட்டும். அந்தப் பெயர்தான் நாளைக்குக் கோப்பின் பெயராகப் போகிறது.

அடுத்து பிரேக்டவுன் பக்கம். கிட்சுவில் ஒரே ஒரு அம்சத்தைச் சொல் என்றால் இதைத்தான் சொல்ல வேண்டும். ஒவ்வொரு ஷாட்டிலும் எந்தெந்த அசெட் வருகிறது என்று இங்கே இணைக்கிறோம். அறுபது ஷாட்டுக்கும் இணைத்து முடிக்க ஒரு பிற்பகல் ஆகும். அலுப்பான வேலை, பலர் தவிர்த்துவிடுகிறார்கள். பிறகு ஒருநாள் டைரக்டர் வந்து, ஔவையின் புடவை மடிப்பு சரியில்லை, மாற்றலாமா என்று கேட்பார். பிரேக்டவுன் இருந்தால் ஔவையின் பக்கத்தைத் திறந்ததும் அவர் வரும் ஷாட்டுகள் வரிசையாக நிற்கும். அதில் எத்தனை ஷாட்டுக்கு அனிமேஷன் முடிந்திருக்கிறது, எத்தனை ரெண்டர் ஆகிவிட்டது என்று எண்ணி, "31 ஷாட் மறுபடி ரெண்டர், அதில் 12 லைட்டிங்கும் திருத்த வேண்டும், ஒன்பது நாள் கூடும், சரியா?" என்று கேட்கலாம். முடியும், முடியாது என்று சண்டை போடுவதைவிட இந்தக் கேள்வி மேல். பல சமயம் டைரக்டரே, குளோஸப் நாலு ஷாட்டில் மட்டும் மாற்றினால் போதும் என்று சொல்லிவிடுவார்.

ரீடேக் எப்படி ஓடுகிறது என்பதற்குக் கனி கைமாறும் ஷாட்டைப் பாருங்கள். 96 ஃப்ரேம். அனிமேட்டர் பிளேபிளாஸ்ட் (விரைவு முன்னோட்ட வீடியோ) எடுத்து எம்பி4-ஆக ஏற்றி, நிலையை டபிள்யூஎஃப்ஏ என்று மாற்றுகிறார், அதாவது ஒப்புதலுக்குக் காத்திருக்கிறது. சூப்பர்வைசர் கிட்சுவின் பிளேயரிலேயே ஃப்ரேம் ஃப்ரேமாகத் தள்ளிப் பார்க்கிறார். 52-ஆவது ஃப்ரேமில் கனி அதியமான் கையிலிருந்து ஔவை கைக்குப் போகும்போது ஒரு துள்ளு துள்ளுகிறது. அந்த ஃப்ரேம்மேலேயே சிவப்பில் வட்டம் போட்டு ரீடேக் கொடுக்கிறார். காரணம் பெரும்பாலும் ஒன்றுதான்: பிளெண்டரில் ஒரு பொருளை இன்னொன்றோடு ஒட்டவைக்கும் சைல்ட் ஆஃப் கன்ஸ்ட்ரெயின்ட்டின் இன்ஃப்ளுயன்ஸ் (ஒட்டும் அளவு) 0-விலிருந்து 1-க்கு அடுத்தடுத்த இரண்டு ஃப்ரேமில் கான்ஸ்டன்ட் இன்டர்போலேஷனில், அதாவது ஒரே தாவலில், மாறாமல், வழுவிக்கொண்டு மாறியிருக்கும். அல்லது செட் இன்வர்ஸ் (ஒட்டும்போது பொருள் இடம் மாறாமல் வைக்கும் பொத்தான்) அழுத்தாமல் விட்டிருப்பார்கள். வாட்ஸ்அப்பில் "அந்தக் கனி ஷாட்ல ஏதோ இடிக்குது" என்று வந்திருந்தால், எந்த ஷாட், எந்த வெர்ஷன், எந்த ஃப்ரேம் என்று கேட்டு முடிக்கவே பொழுது போயிருக்கும்.

ஒரு ரீடேக்கில் மூன்று நான்கு திருத்தம் இருந்தால் பத்தியாக எழுதாதீர்கள். குறிப்புப் பெட்டியில் செக்லிஸ்ட் வசதி உண்டு. அனிமேட்டர் ஒவ்வொன்றாக டிக் போட்டுக்கொண்டே வருவார், எதுவும் விட்டுப்போகாது. தேடல் பெட்டியில் வேலையின் பெயரையும் நிலையையும் சமக்குறி போட்டு எழுதினால், காத்திருக்கும் அனிமேஷன் ஷாட்டுகள் மட்டும் வடிகட்டி வரும். அதைத் தினமும் காலையில் முதல் வேலையாகத் திறக்க வேண்டும். சின்னக் குழுக்களில் அனிமேட்டர் தாமதிப்பதைவிட, பார்த்துச் சொல்ல வேண்டியவர் தாமதிப்பதே அதிகம். கிட்சு அதை மறைக்காமல் காட்டிக்கொடுத்துவிடும். டைரக்டர்களுக்கு இது பிடிக்காமல் போவதும் உண்டு.

கோட்டா பக்கமும் முக்கியம். யார் ஒரு நாளில், ஒரு வாரத்தில் எத்தனை வினாடி அனிமேஷன் முடிக்கிறார் என்று இது கணக்கிடும். நம் படத்தில் ஒருவர் நாளுக்கு 3 வினாடி என்று திட்டம் போட்டால் 240 வினாடிக்கு 80 ஆள்நாள். ரீடேக்குக்கு கால் பங்கு சேர்த்தால் 100. ஆள்நாளுக்கு 1,500 ரூபாய் என்று வைத்தால் அனிமேஷனுக்கு மட்டும் 1,50,000 ரூபாய். முதல் இரண்டு வாரம் ஓடியதும் கோட்டா பக்கம் உண்மையைச் சொல்லும். 3 வினாடிக்குப் பதில் 2 வினாடிதான் வருகிறது என்றால் ரீடேக் சேர்க்காமலேயே 120 ஆள்நாள். திட்டத்தைவிட 20 அதிகம், ரூபாயில் 30,000. அது கடைசி வாரத்தில் தெரிந்தால் கடன், இரண்டாவது வாரத்தில் தெரிந்தால் கதையில் நான்கு ஷாட் குறைத்துக்கொள்ளலாம். ஒரு எச்சரிக்கை: ஃப்ரேம் எண்ணிக்கையை ஷாட்டில் பதிந்திருந்தால்தான் இந்தக் கணக்கு சரியாக வரும். மேலும், கூட்டக் காட்சி 3 வினாடியும் தனியாள் நிற்கும் 3 வினாடியும் ஒன்றல்ல. கோட்டாவை வைத்து ஆளை அளக்கத் தொடங்கினால் எல்லோரும் சுலபமான ஷாட்டுக்குத்தான் கை நீட்டுவார்கள்.

ரெண்டர் விஷயத்தில் கிட்சு வேலை செய்யாது, நிலையை மட்டும்தான் பதியும். கணக்கை நாம்தான் போட வேண்டும். பிளெண்டரில் ரெண்டர் செய்யும் வழி இரண்டு: நிதானமான சைக்கிள்ஸ், வேகமான ஈவீ. சைக்கிள்ஸில் ஃப்ரேமுக்கு 5 நிமிடம் என்றால் 5,760 ஃப்ரேம் ஒரே கணினியில் 480 மணி நேரம், அதாவது இரவு பகலாக 20 நாள். ஈவீயில் ஃப்ரேமுக்கு 10 வினாடி என்றால் 16 மணி நேரம். 'ஃப்ளோ' படத்தை ஈவீயில்தான் ரெண்டர் செய்தார்கள் என்பதை, தரம் குறையும் என்று தயங்குகிறவர்களுக்குச் சொல்லலாம். நம் பக்கம் பராமரிப்புக்கென்று அறிவித்துப் பகல் முழுக்கக் கரண்ட் நிறுத்துகிற நாட்கள் உண்டு. அந்தத் தேதிகளைக் கிட்சுவின் ஷெட்யூலில் வேலையில்லா நாளாகவே கருதித் திட்டமிடுங்கள். நேரடியாக வீடியோவாக ரெண்டர் செய்வதை மறந்துவிட வேண்டும். பிஎன்ஜி அல்லது ஓப்பன்இஎக்ஸ்ஆர் படங்களின் வரிசையாக எடுத்தால், கரண்ட் போனாலும் பாதியில் நின்ற ஒரு ஃப்ரேம்தான் நஷ்டம். வீடியோவாக எடுத்தால் மொத்தக் கோப்பும் கெட்டுப்போகலாம்.

பேக்கப் இல்லாமல் இதை ஓட்டக் கூடாது. போஸ்ட்கிரஸ் டம்ப் (டேட்டாபேஸின் நகல்) ஒன்று, பிரிவியூ கோப்புறை ஒன்று, இரண்டும் ஒரே இரவில் எடுக்கப்பட்டு வேறு வட்டுக்குப் போக வேண்டும். டம்ப் மட்டும் இருந்தால் குறிப்புகள் இருக்கும், படங்கள் இருக்காது. 1998-இல் பிக்ஸாரில் 'டாய் ஸ்டோரி 2' கோப்புகள் தவறான ஒரு கட்டளையால் அழிந்தபோது அங்கே பேக்கப்பும் சரியாக வேலை செய்யவில்லை. வீட்டிலிருந்து வேலை பார்ப்பதற்காக கேலின் சஸ்மன் வைத்திருந்த பிரதிதான் கைகொடுத்தது. பின்னாளில் அவர் 'லைட்இயர்' படத்தின் தயாரிப்பாளர். பேக்கப் எடுத்தால் மட்டும் போதாது, மாதம் ஒருமுறை வேறு கணினியில் மீட்டுப் பார்க்கவும் வேண்டும். கிட்சுவின் புதிய பதிப்புக்கு மாறுவதற்கு முன்பும் அப்படியே.

வாடிக்கையாளருக்கென்று தனி உரிமை கிட்சுவில் இருக்கிறது. கிருஷ்ணகிரி மாம்பழக்கூழ் ஆலை ஒன்று 30 வினாடி விளம்பரம் கேட்கிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். அவர்களை கிளையன்ட் என்று சேர்த்தால், நாம் பகிர்கிற பிளேலிஸ்ட் மட்டும் தெரியும், நம் உள்சண்டைகள் தெரியாது. நல்ல ஏற்பாடுதான், ஆனால் நடைமுறையில் ஆலைக்காரர் கடவுச்சொல் போட்டு உள்ளே வரமாட்டார். வாட்ஸ்அப்பில் அனுப்புங்க தம்பி என்பார். வாட்ஸ்அப் வீடியோவைச் சுருக்குவதால் கூழின் மஞ்சள் அவர் போனில் வேறாகத் தெரியும், கலர் சரியில்லை என்று பதில் வரும். டாக்குமென்ட்டாக அனுப்பினால் சுருங்காது. வீடியோவின் மூலையில் ஷாட் எண், ஃப்ரேம் எண், வெர்ஷன் எண் மூன்றையும் பதித்து அனுப்புங்கள். அவர் சொன்னதைக் குழுவில் ஒருவர் அன்றே கிட்சுவில் தேதியோடு பதிய வேண்டும். ஸ்லாக், டிஸ்கார்ட், மின்னஞ்சலுக்கெல்லாம் அறிவிப்பு அனுப்பத் தெரிந்த கிட்சுவுக்கு வாட்ஸ்அப் தெரியாதது நம்மூருக்குப் பெரிய குறை.

இந்தப் பதிவுகள் பணம் வாங்கும்போது உதவும். ஸ்டோரிபோர்ட், அனிமேட்டிக் (ஸ்டோரிபோர்ட் படங்களை ஒலியோடு நேரப்படி கோர்த்த வீடியோ), அனிமேஷன், இறுதி என்று நான்கு கட்டமாக ஒப்புதல், கட்டத்துக்கு இரண்டு திருத்தம், அதற்கு மேல் தனிக் கட்டணம் என்று ஒப்பந்தத்தில் எழுதி, ஒப்புதல் தேதியைக் கிட்சுவில் வைத்திருந்தால், அனிமேஷன் முடிந்த பிறகு கதையை மாற்றச் சொல்கிறவரிடம் முகம் கோணாமல் பேசலாம். அனிமேட்டிக்குக்கு முன்பே குரல் பதிவை முடித்துவிடுங்கள். தற்காலிகக் குரலுக்கு உதடு அசைத்துவிட்டு, பிறகு வேறொருவர் தருமபுரிப் பேச்சில் நிதானமாகப் பேசினால் ஷாட்டின் நீளமே மாறும். ஃப்ரேம் எண்ணிக்கை மாறினால் மேலே போட்ட கணக்கெல்லாம் மறுபடி.

கிட்சுவுக்குத் தெரியாதது நிறைய இருக்கிறது, தயாரிப்பாளருக்குத் தெரிந்திருக்க வேண்டியதும் அதுதான். பதிப்புரிமைச் சட்டம் 1957-இன்படி திரைப்படத்தின் ஆசிரியர் தயாரிப்பாளரே. ஆனால் ஒருவர் விலை கொடுத்துப் படம் எடுக்கச் சொன்னால், வேறு ஒப்பந்தம் இல்லாதபோது முதல் உரிமையாளர் அவர்தான் என்கிறது பிரிவு 17. அதியமான் கதாபாத்திரத்தை நாளை வேறு படத்தில் பயன்படுத்த வேண்டுமானால் அதை முன்பே எழுதி வாங்க வேண்டும். இசையமைப்பாளர் நண்பராக இருந்தாலும் வாய்ச்சொல் செல்லாது. பிரிவு 19-இன்படி உரிமை மாற்றம் எழுத்தில், கையொப்பத்தோடு இருக்க வேண்டும். காலம் குறிப்பிடாவிட்டால் 5 ஆண்டு, எல்லை குறிப்பிடாவிட்டால் இந்தியா மட்டும். யூடியூபில் உலகம் முழுக்கப் போடுகிற படத்துக்கு இந்த இரண்டு வரி விட்டுப்போவது பின்னால் தலைவலி. பில் போடும்போது ஜிஎஸ்டி 18 சதவீதம். சேவைக்கு ஆண்டு மொத்த விற்றுவரவு 20 லட்சத்தைத் தாண்டினால் பதிவு கட்டாயம். இதற்கெல்லாம் கிட்சுவில் இடமில்லை, தனிக் கோப்பு வையுங்கள்.

வேலை தேடுகிறவர்களுக்கு இது உதவுமா? ஸ்டூடியோக்களில் தயாரிப்புப் பக்கம் ஏணி இப்படிப் போகும்: புரொடக்‌ஷன் அசிஸ்டென்ட், கோஆர்டினேட்டர், புரொடக்‌ஷன் மேனேஜர், லைன் புரொட்யூசர், புரொட்யூசர். படம் வரையத் தெரிய வேண்டியதில்லை, ஆனால் ரிக் உடைவதற்கும் ரெண்டர் நிற்பதற்கும் வித்தியாசம் தெரிய வேண்டும். ஓசூரிலிருந்து 40 கிலோமீட்டரில் பெங்களூரு, கோஆர்டினேட்டர் வேலைகள் அங்கேதான். பெரிய ஸ்டூடியோக்களில் பெரும்பாலும் ஆட்டோடெஸ்க்கின் மென்பொருள் இருக்கும். முன்பு ஷாட்கன், பிறகு ஷாட்கிரிட், இப்போது ஃப்ளோ புரொடக்‌ஷன் டிராக்கிங் என்று அதற்குப் பெயர் மாறிக்கொண்டே வந்திருக்கிறது. சீக்வென்ஸ், ஷாட், டாஸ்க், வெர்ஷன், பிளேலிஸ்ட் என்ற அடிப்படை இரண்டிலும் ஒன்றுதான். கிட்சுவில் ஒரு குறும்படத்தை முழுதாக நடத்திய ஒருவருக்கு அதைப் பழக அதிக நாள் ஆகாது. நேர்காணலில் சான்றிதழைவிட, 60 ஷாட்டின் நிலைப் பக்கத்தைத் திறந்து வைத்து, எது ஏன் தாமதமானது என்று சொல்கிறவருக்கு மதிப்பு அதிகம். 2025 பிப்ரவரியில் விஷுவல் எஃபெக்ட்ஸ் நிறுவனமான டெக்னிகலர் குழுமம் சரிந்து பெங்களூருவில் இருந்த அதன் கிளையும் மூடப்பட்டதைப் பார்த்தபிறகு, ஒரே நிறுவனத்தை நம்பி ஊரைக் காலி செய்வதற்கு முன் யோசிப்பவர்கள் கூடியிருக்கிறார்கள். அப்படி இங்கேயே ஐந்து பேரோடு தொடங்குகிறவர்களுக்குக் கிட்சு சரியான அளவு.

இருபது ஷாட்டுக்குக் குறைந்த வேலை, இரண்டே பேர் என்றால் கூகுள் ஷீட் போதும். கிட்சுவை நிறுவுகிற நேரத்தில் படத்தையே முடித்துவிடலாம். முப்பது வினாடி விளம்பரம் மட்டும் செய்கிறவர்களுக்கும் அதே பதில், மாதத்துக்கு மூன்று நான்கு விளம்பரம் ஒரே சமயத்தில் ஓடினால் தவிர.

படம் முடிந்ததும் புரொடக்‌ஷனை அழித்துவிடாமல், முடிந்தது என்று மூடி வையுங்கள். டைட்டில் கார்டு போடும்போது எந்த ஷாட்டை யார் செய்தார் என்று அதிலிருந்தே எடுக்கலாம். பெயர்களின் எழுத்தை அந்தந்த ஆளிடமே சரிபார்த்துக்கொள்ளுங்கள், கிட்சுவில் பலர் பட்டப்பெயரில்தான் பதிந்திருப்பார்கள். ஷோரீலில் (வேலை தேடும்போது காட்டும் தொகுப்பு வீடியோவில்) எந்த ஷாட்டைப் போடலாம், வெளியீட்டுக்கு எத்தனை நாள் கழித்துப் போடலாம் என்பதையும் அதே சமயத்தில் எழுதிக் கொடுத்துவிட வேண்டும், அனிமேட்டர் அடுத்த வேலைக்குப் போய் நிற்கும்போது அவரிடம் கேட்கப்போகிற முதல் பொருள் அதுதான்.